வெட்டிப் போட்ட நொடிகள்

எங்கள் மகளுக்கு அப்போது எட்டு வயது. பேசிக்கொண்டிருக்கும்போதே நின்றுவிடுவாள். பேச்சு மட்டும் நிற்பதில்லை. எடுத்த கவளம் கையிலேயே இருக்கும், கண் ஒரே இடத்தைப் பார்த்து நிற்கும், இமை மட்டும் லேசாகத் துடிக்கும். பிறகு ஒன்றுமே நடக்காதது போல விட்ட இடத்திலிருந்து தொடர்வாள். முதலில் நாங்கள் சிரித்தோம். "மகாராணி யோசிக்கிறாங்க" என்பாள் என் மனைவி. ஒரு நாளைக்கு ஐந்து, ஆறு தடவை என்று ஆனபோது அந்தச் சிரிப்பு போய்விட்டது.

போர்ட் பிளேரில் குழந்தைகள் டாக்டரிடம் காட்டினோம். அவர் முன்னால் உட்கார்ந்து பாதி இந்தி பாதி தமிழில் கதை கதையாகப் பேசினாள். ஒரு தடவைகூட நிற்கவில்லை. டாக்டர் சொன்னார்: "எனக்கு ஒரு சந்தேகம் இருக்கு. ஆனா கண்ணால பாக்காம சொல்ல மாட்டேன். இதுக்குன்னு இருக்கிற டாக்டர் இங்க இல்ல. அடுத்த தடவை வரும்போது வீடியோ எடுங்க. கூப்பிடாதீங்க, தொடாதீங்க. முகமும் கண்ணும் தெளிவா தெரியணும். மெயின்லேண்ட்ல, சென்னை மாதிரி ஊர்ல, ஒரு பெரிய டாக்டர்கிட்ட காட்டுங்க. கூட்டிட்டு வரணுமா வேண்டாமான்னு அவர் சொல்லுவார்."

வீடியோ என்றதும் எனக்குக் கொஞ்சம் தெம்பு வந்தது. என் பிழைப்பே அதுதான். ஊருக்குள் ஜங்லிகாட் பகுதியில் ஒரு தையல் கடைக்கு மேலே சின்ன அறை, ஒரு கம்ப்யூட்டர், இரண்டு கேமரா. கல்யாணம், காதுகுத்து, பங்குனி உத்திரக் காவடி எல்லாம் எடுத்துக் கொடுப்பேன். நான் ஒன்பதாவதோடு நின்றவன். தெற்கே ஒரு தீவில் ரப்பர் பால் எடுத்த குடும்பம். கடல் வந்து எல்லாவற்றையும் கொண்டுபோன பிறகு புரோத்ராபூரில் வந்து குடியேறி, ஒருவருக்குக் கேமரா பை தூக்கித் தூக்கியே தொழிலைக் கற்றுக்கொண்டேன். அந்தத் தொழிலைக் கொடுத்தது முருகன் என்றுதான் இன்றைக்கும் நம்புகிறேன். அதனால் என் பிள்ளைக்கு இந்தக் கையாலேயே ஒரு நல்லது நடக்கப்போகிறது என்று நினைத்தேன்.

அந்தச் சமயத்தில் ஒரு கணக்கு மாஸ்டருக்கு வேலை செய்துகொண்டிருந்தேன். தெலுங்குக்காரர், பள்ளியிலிருந்து ஓய்வு பெற்றவர். பத்தாவது பிள்ளைகளுக்காகப் பாடங்களை வீடியோ எடுத்து வைக்க ஆசைப்பட்டார். அவர் போர்டில் எழுத ஆரம்பித்தால் வாயைத் திறக்க மாட்டார். ஒரு கணக்கு முடியும்வரை சாக்பீஸ் சத்தம் மட்டும்தான். ஒரு மணி நேரப் பாடத்தில் இருபது நிமிடம் அப்படிப் போகும். அதை நான் உட்கார்ந்து ஒவ்வொன்றாக வெட்ட வேண்டும். ஒரு நாள் பென் டிரைவில் ஒரு மென்பொருள் கொண்டுவந்து கொடுத்தார். மெயின்லேண்டில் இருக்கும் மகன் அனுப்பியதாம். சத்தம் இந்த அளவுக்குக் கீழே போனால் அது மௌனம், அப்படி ஒரு நொடிக்கு மேல் இருந்தால் வெட்டு என்று அதற்குச் சொல்லிவிட்டால் போதும். டீ குடித்துவிட்டு வருவதற்குள் மௌனத்தையெல்லாம் வெட்டி எடுத்து, மீதியை ஒட்டி வைத்திருக்கும்.

முதல் பாடத்தை ஓட்டிப் பார்த்தபோது மாஸ்டரின் கை அசையாமலேயே போர்டில் கணக்கு தானாக வந்து விழுந்தது. அவருக்கு ஒரே சந்தோஷம். "தேக்கோ பாயி, நாப்பது வருஷம் கத்திக் கத்திச் சொல்லிக் குடுத்தேன். என் பேச்சை மட்டும் கேக்குற மாணவன் இப்பதான் கிடைச்சிருக்கான்" என்று இந்தியில் சொல்லி என் தோளில் தட்டினார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், மழை பெய்துகொண்டிருந்தது. நான் ஒரு காதுகுத்துக்குப் போயிருந்தேன். திரும்பி வந்ததும் என் மனைவி போனை நீட்டினாள்.

"எடுத்துட்டேங்க. சாப்பாடு போட்டுட்டு எதிர்ல உக்காந்து பதினோரு நிமிஷம் எடுத்தேன். மூணு தடவை வந்துச்சு. பாருங்க."

"பாக்குறேன்" என்று வாங்கிக்கொண்டேன்.

பார்க்கவில்லை. இதை எழுதும்போதுகூடக் கூச்சமாக இருக்கிறது. ஊரார் வீட்டுப் பிள்ளைகளை நாள் முழுக்கக் கேமராவில் பார்க்கிறவன், என் பிள்ளை அப்படிக் கல்லாக நிற்பதைத் திரையில் பார்க்கத் தைரியம் இல்லாமல் இருந்தேன். வீட்டில் அது வரும்போதே நான் முகத்தைத் திருப்பிக்கொண்டு முருகா என்று சொல்லிவிட்டு எழுந்து போய்விடுவேன்.

சென்னையில் என் மனைவியின் அண்ணன் இருக்கிறார். அவர்தான் பெரிய டாக்டரிடம் நேரம் வாங்கியிருந்தார். போனில் சொன்னார்: "மாப்ள, நாளைக்குக் காலைல டோக்கன். இன்னைக்குள்ள மெயில்ல போட்டுருங்க. விட்டா அடுத்து எப்பக் கிடைக்குமோ தெரியாது."

இந்தத் தீவுகளில் அப்போது நெட் எப்படி இருந்தது என்று இங்கே இருந்தவர்களுக்குத் தெரியும். சாட்டிலைட் வழியாக வருவது, மழை பெய்தால் அதுவும் இல்லை. ஒரு போட்டோ போகவே ஒரு டீ ஆறிப்போகும். பதினோரு நிமிட வீடியோவை ஏற்றினால் பாதியில் அறுந்து மறுபடி முதலிலிருந்து தொடங்கும். படத்தின் தரத்தைக் குறைத்தால் அளவு குறையும். ஆனால் கண் தெளிவாகத் தெரிய வேண்டும் என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். ஆகவே வேண்டாத இடங்களை வெட்ட வேண்டும். வெட்ட வேண்டுமென்றால் உட்கார்ந்து பார்க்க வேண்டும்.

மாஸ்டரின் மென்பொருளில் போட்டேன். தகரக் கூரையில் மழைச் சத்தம் இருந்ததால், சத்தத்தின் அளவைக் கொஞ்சம் உயர்த்தி வைத்தேன். அப்போதுதான் மழையையும் மௌனம் என்று எடுத்துக்கொள்ளும். பதினோரு நிமிடம் ஆறு நிமிடமானது. முதலில் கொஞ்சம் பார்த்தேன், பேசிக்கொண்டிருந்தாள். கடைசியில் கொஞ்சம் பார்த்தேன், பேசிக்கொண்டிருந்தாள். படம் தெளிவாக இருந்தது. நான்கைந்து தடவை முயன்று அனுப்பிவிட்டேன். முருகன் படத்தைத் தொட்டுக் கும்பிட்டுவிட்டுக் கடையைப் பூட்டினேன்.

மறுநாள் மத்தியானம் மச்சான் பேசினார். குரலில் சிரிப்பு இருந்தது. "மாப்ள, டாக்டர் பாத்துட்டாரு. வெளிய ஏகக் கூட்டம், ஆனாலும் பாத்தாரு. வீடியோல ஒண்ணும் தெரியலையேன்னாரு. பிள்ளை படபடன்னு நல்லா பேசுது, எங்கயும் நிக்கலையே, கவனம் சிதறுறதா இருக்கும், கொஞ்சம் கண்டிச்சு வளங்க, வேணும்னா மூணு மாசம் கழிச்சுப் பாப்போம்னாரு. நீங்க ஒண்ணும் கிளம்பி வர வேண்டாம்."

நான் அன்றைக்கே கோவிலுக்குப் போய்த் தேங்காய் உடைத்தேன். என் மனைவியும் வந்தாள், ஆனால் பிரகாரம் சுற்றும்போது சொன்னாள்: "ஏங்க, நான் எடுத்ததுல தெளிவா இருந்துச்சே. மூணு தடவை. அவர் ஒழுங்காத்தான் பாத்தாரா?"

"எத்தனை பிள்ளைய பாத்திருப்பாரு. அவருக்குத் தெரியாதது உனக்குத் தெரியுமா?"

போனில் இடம் இல்லை என்று அவள் அந்த வீடியோவை ஏற்கெனவே அழித்திருந்தாள். இல்லாவிட்டால் அங்கேயே எடுத்துக் காட்டியிருப்பாள்.

கண்டித்து வளருங்கள் என்று டாக்டரே சொல்லிவிட்டார் அல்லவா. நான் கண்டிக்க ஆரம்பித்தேன். பள்ளியில் டீச்சர் ஏதோ கேட்க, இவள் பதில் சொல்லாமல் வெறித்துப் பார்த்தாள் என்று வகுப்புக்கு வெளியே நிறுத்தினார்கள். நான் டீச்சர் பக்கம்தான் பேசினேன். ஒரு சாயங்காலம் வாய்ப்பாடு ஒப்பித்துக்கொண்டிருந்தவள் ஏழு எட்டில் நின்றாள். நான் கூப்பிட்டேன். பதில் இல்லை. மறுபடி கூப்பிட்டேன். கன்னத்தில் ஒன்று வைத்தேன். அவள் திடுக்கிட்டு, "ஏழெட்டு அம்பத்தாறு" என்று சொல்லிவிட்டு, எதற்கு அடி விழுந்தது என்று தெரியாமல் என்னைப் பார்த்தாள்.

"நடுவுல ஏன் நிக்கிற?"

"நான் எங்கப்பா நின்னேன்?"

"பொய் சொல்லாத" என்றேன்.

மூன்று வாரம் இப்படிப் போனது. ஒரு காலை, பள்ளிப் பேருந்துக்காக அவளைப் பெரிய சாலைக்குக் கூட்டிப் போனேன். எதிர்ப்பக்கத்தில்தான் பஸ் நிற்கும். நான் ஸ்கூட்டரை ஸ்டாண்ட் போட்டுக்கொண்டிருந்தேன். அவள் தோழியைப் பார்த்துவிட்டு, இரண்டு பக்கமும் பார்த்துவிட்டுத்தான் இறங்கினாள். சாலை காலியாகத்தான் இருந்தது. நடுச்சாலையில் நின்றுவிட்டாள்.

வளைவிலிருந்து மணல் லாரி வந்தது. ஹாரன் அடித்தான். அவள் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. நான் கத்திக்கொண்டு ஓடினேன். சக்கரம் தேய்ந்து லாரி அவளுக்கு ஒரு கை தூரத்தில் நின்றது. டிரைவர் தலையை வெளியே நீட்டி, "அரே, பச்சி கோ மார்னா ஹை க்யா? கைஸா பாப் ஹை தூ!" என்று கத்தினான். பிள்ளையைக் கொல்லப் பார்க்கிறாயா, நீயெல்லாம் ஒரு அப்பனா என்று. நான் அவள் முன்னால் மண்டியிட்டிருந்தேன். முதல் தடவையாக அவள் முகத்தை அத்தனை அருகில் பார்த்தேன். இமை துடித்தது. உதடு எதையோ மெல்லுவது போல அசைந்தது. அந்தக் கண்ணில் என் பிள்ளை இல்லை. பிறகு வந்தாள். "அப்பா, ஏன் ரோட்ல உக்காந்திருக்கீங்க?" என்றாள்.

லாரி ஹாரனுக்கு நடிக்கிற பிள்ளை உலகத்தில் இல்லை. அவளை வீட்டில் விட்டு, கதவைத் தாழ் போட்டுக்கொள் என்று மனைவியிடம் சொல்லிவிட்டு நேராகக் கடைக்குப் போனேன். ஏன் கடைக்குப் போனேன் என்று அப்போது எனக்கே தெளிவாகத் தெரியாது. டாக்டர் கண்ணுக்கு ஏன் தெரியவில்லை, அதைப் பார்த்துவிட வேண்டும் என்று மட்டும் இருந்தது.

அனுப்பிய ஆறு நிமிடத்தை ஓடவிட்டேன். பேசுகிறாள், சிரிக்கிறாள். ஐந்தாவது நிமிடத்தில் அவள் கையில் அப்பளம் இருந்தது. கண் இமைப்பதற்குள் அப்பளம் தரையில் கிடந்தது. கீழே விழவே இல்லை. கையில் இருந்தது, அடுத்த கணம் தரையில் இருந்தது. அவள் பேச்சு மட்டும் ஒரு பிசிறு இல்லாமல் தொடர்ந்தது.

ஒரிஜினலைத் தேடினேன். இல்லை. வேலை முடிந்ததும் ஒரிஜினலை அழித்துவிடுவது என் வழக்கம், டிஸ்கில் இடம் கிடையாது. கம்ப்யூட்டரின் குப்பைத் தொட்டியைத் திறந்தேன். யார் யாரோ கல்யாணங்கள், மாஸ்டரின் பாடங்கள், காவடிகள். ஒவ்வொன்றாகக் கீழே போனேன். "முருகா, குப்பையிலயாவது வச்சிரு, குப்பையிலயாவது வச்சிரு" என்று வாய் விட்டே சொன்னேன். கிடந்தது.

பார்த்தேன். ஒன்பது நொடி. பதினோரு நொடி. மூன்றாவது, பதினான்கு நொடி. அதில்தான் அப்பளம் விரலிலிருந்து மெதுவாக நழுவி விழுகிறது. நோயே அந்த நொடிகள்தான். நான் அதையெல்லாம் வேண்டாதது என்று வெட்டிக் குப்பையில் போட்டுவிட்டு, நோய் இல்லாத பிள்ளையை டாக்டருக்கு அனுப்பியிருக்கிறேன். மழைச் சத்தத்துக்குள் வேறு ஏதோ கேட்பது போலிருந்தது. சத்தத்தைக் கூட்டினேன். என் மனைவி கேமராவுக்குப் பின்னால் வாய்க்குள்ளேயே "முருகா, முருகா" என்று சொல்லிக்கொண்டிருக்கிறாள். நான் வைத்த அளவுக்கு அதுவும் கீழே போய், வெட்டுப்பட்டிருக்கிறது.

நெட் அன்று சுத்தமாக இல்லை. ஒரிஜினலைப் பென் டிரைவில் ஏற்றினேன், மூன்றாவது இடத்தை மட்டும் என் போனிலும் ஏற்றிக்கொண்டேன். சென்னை விமானத்துக்கு இன்னும் ஒரு மணி நேரம்கூட இல்லை, ஸ்கூட்டரை ஏர்போர்ட்டுக்கு விரட்டினேன். எங்கள் ஊரில் இது வழக்கம்தான். மருந்து, சர்டிபிகேட், சாவி, எதுவானாலும் ஏர்போர்ட் வாசலில் நின்று போகிறவர்கள் கையில் கொடுத்துவிடுவோம். ஆனால் எப்போதும் தெரிந்த முகம் ஒன்று இருக்கும். அன்று ஒருவரும் இல்லை.

ஒரு வியாபாரியிடம் கேட்டேன். "அன்ஜான் ஆத்மி கா சாமான் நஹி லேதா, பாயி" என்று கையை விரித்தார். தெரியாதவர் பொருளை வாங்க மாட்டார், நியாயம்தான். ஒரு இளஞ்ஜோடி நான் பேசி முடிப்பதற்குள் நகர்ந்துவிட்டது. துப்பாக்கி வைத்திருந்த காவலர், "சலோ, சலோ, இதர் மத் கடே ரஹோ" என்று என்னை ஓரமாகத் தள்ளினார். கடைசி ஆட்கள் உள்ளே போய்க்கொண்டிருந்தார்கள். பச்சைச் சேலை கட்டிய ஒரு அம்மா ஆட்டோவிலிருந்து இறங்கி ஓட்டமும் நடையுமாக வந்தார். நெற்றியில் திருநீறு இருந்தது. அதைப் பார்த்துத்தான் தமிழில் கூப்பிட்டேன்.

"அக்கா, ஒரு உதவி. இந்தப் பென் டிரைவ் சென்னைக்குப் போகணும். என் மச்சான் வாசல்லயே நிப்பாரு."

"இதுல என்ன இருக்கு? கண்ட கண்டதெல்லாம் இருந்தா நான்ல மாட்டுவேன்."

போனில் அந்தப் பதினான்கு நொடியை ஓடவிட்டு அவர் முன்னால் பிடித்தேன். விமானத்துக்கு நேரமாகியும் அவர் முழுக்கப் பார்த்தார்.

"இப்ப எங்க இருக்கா?"

"வீட்டுல, அம்மாவோட."

"தனியா விட்ராதீங்க தம்பி." பென் டிரைவை வாங்கிக் கைக்குட்டையில் முடிந்து இடுப்பில் செருகிக்கொண்டார். "மச்சான்கிட்ட பச்சைச் சேலைன்னு சொல்லுங்க" என்று சொல்லிவிட்டு உள்ளே ஓடினார்.

வீட்டுக்குப் போய் மனைவியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். மென்பொருள், மழை, அளவு, வெட்டு. அவள் அதையெல்லாம் கேட்டதாகவே தெரியவில்லை.

"அப்ப நீங்க அதைப் பாக்கவே இல்லையா?"

"இல்ல."

"முந்தானைய வாயில வச்சு அடைச்சுக்கிட்டு எடுத்தேங்க. கூப்பிடக் கூடாதுன்னு சொன்னாங்கன்னு, பெத்த பிள்ளைய அப்படிப் பாத்துக்கிட்டே எடுத்தேன். நீங்க பாக்கக்கூட இல்ல."

மகள் இதையெல்லாம் கேட்டுக்கொண்டு கட்டிலில் உட்கார்ந்திருந்தாள். அவளிடம் போய், "அன்னைக்கு அப்பா அடிச்சது தப்பும்மா. நீ பொய் சொல்லல" என்றேன்.

"ஒரு நாள் இல்லப்பா, ரெண்டு நாள்" என்றாள். இரண்டாவது எனக்கு இன்றுவரை ஞாபகம் வரவில்லை. அவள் சொன்னால் நடந்திருக்கும்.

பென் டிரைவ் அன்றைக்கே மச்சான் கைக்குப் போய்ச் சேர்ந்தது, ஆனால் டோக்கன் கிடைக்க இரண்டு நாள் ஆனது. அந்த இரண்டு நாளும் நாங்கள் அவளைக் கிணற்றடிக்கு விடவில்லை, அடுப்பு பக்கம் விடவில்லை, படியில் தனியாக இறங்க விடவில்லை. என் மனைவி என்னோடு அவளைப் பற்றி மட்டும் பேசினாள். மூன்றாம் நாள் காலை போன் வந்தது. மச்சான் ஏதோ சொல்லத் தொடங்க, அவர் கையிலிருந்து போனை டாக்டரே வாங்கிவிட்டார்.

"முதல்ல வந்த வீடியோவ எடிட் பண்ணது யாரு?"

"நான்தான் சார்."

"எனக்கு ஏங்க அழகா வெட்டி அனுப்புனீங்க?" பிறகு குரல் தணிந்தது. "நானும் அந்த ஒரு வீடியோவ வச்சு அப்படிச் சொல்லியிருக்கக் கூடாது. உடனே கூட்டிட்டு வாங்க. கப்பல் வேண்டாம், ஃபிளைட்ல வாங்க."

நான்கு நாள் கழித்துச் சென்னையில் அவர் அறையில் உட்கார்ந்திருந்தோம். தலை முழுக்க வயர் ஒட்டி ஏற்கெனவே ஒரு சோதனை எடுத்திருந்தார்கள். விடாமல் ஊதினால் அது சில சமயம் வரும் என்று எங்களிடம் சொல்லிவிட்டு, டாக்டர் ஒரு காகிதத்தை அவள் முகத்துக்கு நேரே பிடித்து, "இதை ஊதிக்கிட்டே இரு கண்ணு, நான் சொல்றவரைக்கும்" என்றார். ஊதினாள். காகிதம் ஆடியது. ஒரு நிமிடம் போனது. இரண்டாவது நிமிடமும் போகப்போகிறது, இங்கேயும் வராமல் போய்விடுமோ என்று நான் கையைப் பிசைந்தேன். பிள்ளைக்கு நோய் வர வேண்டும் என்று சாமியை வேண்டியது என் வாழ்க்கையில் அந்த ஒரு தடவைதான். காகிதம் ஆடாமல் நின்றது. டாக்டர் கடிகாரத்தைப் பார்த்து எண்ணினார். பன்னிரண்டில் அவள் மறுபடி ஊத ஆரம்பித்தாள்.

"இதுதான்" என்றார் டாக்டர். "வலிப்புல இது ஒரு வகை. கை கால் இழுக்காது, இப்படி நின்னு போகும். மருந்து இருக்கு. நிறைய பிள்ளைங்களுக்கு வளர வளர விட்டுப் போயிரும். ஒரு வேளைகூட விடக்கூடாது. ஒரு நோட்டு போடுங்க. தினமும் எத்தனை தடவை, எவ்வளவு நேரம்னு எழுதணும்."

என் மனைவி அங்கேயே அழுதாள். நான் டாக்டரைக் கும்பிட்டேன்.

ஊருக்குத் திரும்பி நோட்டு போட்டோம். முதல் வாரம் ஒரு நாளைக்கு ஆறு, ஐந்து. இரண்டாவது வாரம் நான்கு, மூன்று, மறுபடி ஐந்து. அந்த ஐந்தைப் பார்த்து அன்று இருவருமே சாப்பிடவில்லை. நான்காவது வாரத்தில் ஒரு ஞாயிறு. மத்தியானம் ஆகியும் நோட்டில் ஒன்றும் எழுதவில்லை. சாயங்காலம் விளக்கேற்றும் நேரம்வரை ஒன்றும் எழுதவில்லை.

"நீங்க சரியா பாத்தீங்களா?" என்றாள் என் மனைவி. "நான் சமையக்கட்டுல இருந்தப்ப?"

"பாத்தேன். காலைலேர்ந்து கண்ணை எடுக்கல."

அவள் நம்பவில்லை. வந்து மகளுக்கு எதிரே, எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள். பள்ளி நோட்டில் பூ வரைந்துகொண்டிருந்த மகள் நிமிர்ந்து எங்களைப் பார்த்தாள்.

"க்யா ஹை? ரெண்டு பேரும் ஏன் என்னையே பாக்குறீங்க? போங்க, எனக்கு வெக்கமா இருக்கு."

நாங்கள் போகவில்லை.